ட்ரெகியர் வீட்டுப் பல்தடம்

எழுபத்தாறு வயதில் மண்டியிடுவது லேசான காரியம் இல்லை. மர்ரே ஒரு கையால் இரும்புக் கட்டிலின் காலையும் மறுகையால் சுவரையும் பிடித்துக்கொண்டு, மூட்டுகள் இரண்டும் சடசடக்க, மாடிக் குழந்தைகள் அறையின் ஜன்னலடியில் இறங்கி உட்கார்ந்தான். பிறகு மெல்பர்னிலிருந்து வந்திருந்த டாம்சினைப் பார்த்து, நீயும் குனி என்று விரலை ஆட்டினான். டாம்சினுக்கு முப்பது வயது இருக்கும். பழைய வீடுகளைத் தட்டிப் பார்த்து, சுரண்டிப் பார்த்து, எதை எப்படிக் காப்பாற்ற வேண்டும் என்று எழுதிக் கொடுப்பது அவள் வேலை. ட்ரெகியர் வீட்டை ஊர் தன் பொறுப்பில் எடுத்துக்கொள்வதற்கு முன்னால் அவளுடைய அறிக்கை வேண்டும் என்று கவுன்சில் கேட்டிருந்தது.

“இங்க பாரு கண்ணு. இந்த வீட்லயே எனக்குப் பிடிச்ச இடம் இதுதான்.”

ஜன்னலின் அடிக்கட்டை தரையிலிருந்து இரண்டடி உயரத்தில் இருந்தது. வீட்டின் மற்ற மரமெல்லாம் செக்கச்செவேல் என்று மினுங்க, இந்த ஒரு கட்டை மட்டும் பழுப்பேறிய வெள்ளைப் பெயிண்டோடு நின்றது. அதன் விளிம்பில் ஒரு சாண் நீளத்துக்குச் சின்னச் சின்னக் குழிகள். சில இடங்களில் பெயிண்ட் சில்லு சில்லாகப் பெயர்ந்து, உள்ளே பச்சை, அதற்கும் உள்ளே வேறொரு வெள்ளை.

“எலின்னுதானே நினைச்ச? எல்லாரும் அப்படித்தான் நினைப்பாங்க. என் மகன். மரம் ஆயிரத்து எண்ணூத்தி எழுபத்து நாலு, பல்லு ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எண்பத்தாறு. வீடு பூரா உரிச்சவன் இதுல மட்டும் கை வைக்கல. கேப்டன் ட்ரெகியர் செஞ்சது வரலாறுன்னா என் பிள்ளை கடிச்சதும் வரலாறுதானே?”

அவன் மனைவி கோரல் தேநீர்த் தட்டோடு வாசலில் நின்றிருந்தாள். வீட்டைப் பொதுமக்களுக்குத் திறந்துவிடும் ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும், இருபது வருஷமாக, இந்த வசனத்தை அவள் கேட்டிருக்கிறாள். வந்தவர்கள் சிரிப்பார்கள். பெண்கள் அந்தக் குழிகளை விரலால் தடவி ஐயோ செல்லம் என்பார்கள். சிலர் படம் எடுத்துக்கொள்வார்கள். கோரல் அந்த நேரத்தில் திரைச்சீலையின் மடிப்பைச் சரிசெய்வாள், அல்லது கீழே யாரோ கூப்பிட்டதுபோலப் போய்விடுவாள். முப்பத்தெட்டு வருஷமாக அவளுக்கு இருந்த பயம் ஒன்றே ஒன்றுதான். விஷயம் தெரிந்த ஒருத்தர் அந்தக் கட்டைக்கு முன்னால் வந்து நின்று சிரிக்காமல் இருந்துவிடக் கூடாது.

டாம்சின் சிரிக்கவில்லை.

“இது அந்தக் காலத்துப் பெயிண்ட்டா?” என்றாள்.

“அசல். ஏழு பூச்சு.”

அவள் பையிலிருந்து கையுறையை எடுத்து மாட்டிக்கொண்டு, காது குடையும் குச்சிபோல ஒன்றை எடுத்து, பெயர்ந்திருந்த இடத்தில் அரை நிமிஷம் தேய்த்தாள். மஞ்சளாக இருந்த நுனி, பல் பிடுங்கிய இடத்தில் வைத்த பஞ்சுபோலச் சிவந்தது.

“காரீயம்,” என்றாள்.

“இருக்கத்தானே செய்யும்? எல்லாப் பழைய வீட்லயும் இருக்கும்,” என்றான் மர்ரே.

“இருக்கும். மத்த மரத்தையெல்லாம் எப்படி உரிச்சீங்க, மர்ரே?”

“டீ ஆறிப்போகுது,” என்றாள் கோரல்.

மர்ரே அதைக் காதில் போட்டுக்கொள்ளவே இல்லை. வருகிறவர்கள் எல்லாம் கோபுரத்தையும் பளிங்குக் கணப்பையும் பார்த்து வாய் பிளப்பார்களே தவிர, மரத்தை எப்படி உரித்தாய் என்று கேட்டவர் யாரும் இல்லை. அவன் முகம் மலர்ந்துவிட்டது.

“அப்படிக் கேளு. கேஸ் டார்ச். சுடரை இப்படி மரத்துக்கு நாலு விரக்கடை தள்ளிப் பிடிச்சா, பெயிண்ட் பால் மாதிரி பொங்கும். பொங்கினதும் தகடால ஒரே இழுப்பு. பதினோரு கதவு, பதினாலு ஜன்னல், மாடிப்படிக் கைப்பிடி மொத்தமும். காரத் தொட்டில முக்கி எடுக்கலாம்னு ஊர்ல எல்லாரும் சொன்னாங்க. முக்கினா மரம் செத்துப்போகும். நான் ஒத்துக்கல. நாலு வருஷம், தினம் ஸ்கூல் விட்டு வந்ததும் டார்ச்சைக் கையில எடுத்தா ராத்திரிச் சாப்பாடு வரைக்கும்.”

“அந்த நாலு வருஷமும் வீட்ல யாரெல்லாம் இருந்தாங்க?”

“யாரு, நாங்கதான். நான், கோரல், டேல்.”

டாம்சின் குச்சியை ஒரு சின்ன உறைக்குள் போட்டு ஒட்டி, அதன் மேல் எதையோ எழுதினாள். எழுதி முடித்த பிறகும் தலையைத் தூக்கவில்லை. பிறகு, கீழே போய்ச் சமையலறைப் பக்கத்தையும் பார்த்துவிடுகிறேன் என்று எழுந்தாள். கோரல் தட்டை அப்படியே திருப்பி எடுத்துக்கொண்டு அவள் பின்னாலேயே இறங்கினாள். மர்ரே ஜன்னலடியில் உட்கார்ந்தபடியே இன்னும் மரத்தின் பெருமையைச் சொல்லிக்கொண்டிருந்தான்.

அவர்கள் இந்த வீட்டை வாங்கிய எண்பத்து மூன்றில் இதை வீடு என்று சொல்ல யாருக்கும் வாய் வந்திருக்காது. இந்த டன்வெரி ஊரில் தங்கம் கொட்டிய காலத்தில், இங்கிலாந்தின் கார்ன்வாலிலிருந்து வந்த சுரங்கக் கேப்டன் ட்ரெகியர், மண்ணுக்கடியில் கண்டெடுத்ததை எல்லாம் மண்ணுக்கு மேலே காட்டிவிட வேண்டும் என்று கட்டியது. படுக்கையிலிருந்தே தன் சுரங்கத்தின் உருளைச் சக்கரம் சுற்றுகிறதா என்று பார்ப்பதற்காக ஒரு சதுரக் கோபுரம். கூடத்துக்கு இங்கிலாந்திலிருந்து கப்பலில் வந்த ஓடுகள். கூரை நடுவில் தாம்பாளம் அளவுக்குச் சுதையில் பூக்கள். மூன்று பக்கத் தாழ்வாரத்துக்கும் இரும்பில் வார்த்த பின்னல் வேலைப்பாடு. இருபது வருஷத்தில் தங்கம் தீர்ந்தது, கேப்டன் குடும்பம் வண்டி கட்டிக்கொண்டு போனது, வீடு தங்கும் விடுதியாகி, வைக்கோல் கிடங்காகி, கடைசியில் கூடத்து ஓட்டின் மேல் ஆடுகள் படுத்திருந்தன. அந்த ஆட்டுப் புழுக்கைக்கு நடுவில் மர்ரே ஒரு கதவைச் சுரண்டிப் பார்த்து, உள்ளே சிவப்புத் தேவதாரு இருப்பதைக் கண்டுபிடித்தான். அன்றைக்குப் பிடித்த பைத்தியம். தொழிற்பள்ளியில் தச்சு வாத்தியார் அவன். நல்ல மரத்தைப் பெயிண்ட் அடித்து மூடுவது அவன் கணக்கில் கொலைக்கு ஒரு படி கீழே.

அடுத்த வருஷம் டேல் பிறந்தான். எட்டாம் மாதமே வலி எடுத்துவிட்டது. அன்றைக்கு ஆற்றில் வெள்ளம். மர்ரே வந்து சேர்வதற்குள் பிள்ளை பிறந்து ஒன்றரை மணி நேரம் ஆகியிருந்தது. டேல் நன்றாகத்தான் இருந்தான். பதினொரு மாதத்தில் நடந்தான். ஒன்றரை வயதில் நாய், தண்ணி, அப்பா, மேலே, போதும் என்று இருபது வார்த்தை பேசினான். அப்பா டார்ச்சும் கையுமாக நிற்கும்போது காலைக் கட்டிக்கொண்டு நிற்பான். தரையில் விழும் சுருளைப் பொறுக்கி விளையாடுவான். கோரல் ஒரு நாளைக்கு இரண்டு முறை அந்தத் தூளைத் துடைப்பத்தால் பெருக்குவாள். வெயில் விழும் கூடத்தில் அது பொன்தூள் மாதிரிப் பறக்கும். அழகாக இருக்கிறதே என்று நின்று பார்த்தும் இருக்கிறாள். பிறகு இரண்டு வயதில் அவனுக்கு வயிற்றுவலி வந்தது. ஜன்னல் கட்டையைக் கடிக்க ஆரம்பித்தான். பல் முளைக்கும் நமைச்சல் என்றார்கள். இருபது வார்த்தை பதினைந்தாகி, எட்டாகி, மூன்றாயிற்று.

மெல்பர்ன் டாக்டர் ரத்தம் எடுத்துப் பார்த்துவிட்டு, உங்கள் வீடு எவ்வளவு பழையது என்றுதான் முதலில் கேட்டார். குயின்ஸ்லாந்தில் தாழ்வாரக் கம்பிப் பெயிண்டைத் தின்று பிள்ளைகள் சாகிறார்கள் என்று எண்பது வருஷத்துக்கு முன்பே டாக்டர்கள் எழுதி வைத்திருக்கிறார்களே அம்மா, என்றார். அவர் கோபப்படாமல் சொன்னதுதான் கோரலுக்குத் தாங்க முடியவில்லை. டாக்டர் ஒரு கடிதம் கொடுத்தார். கணவரிடம் காட்டி, வேலையை உடனே நிறுத்தச் சொல்லுங்கள் என்றார்.

ரயிலில் திரும்பி வரும் மூன்று மணி நேரத்தில் அவள் பொய்யைத் தயார் செய்தாள். மர்ரேயின் அண்ணன், வறட்சியில் ஆடுகளைத் தன் கையாலேயே சுட்டுப் புதைத்தவன், ஒரு வாரம் கழித்துத் தன்னையும் முடித்துக்கொண்டு நாலரை வருஷம்தான் ஆகியிருந்தது. அண்ணனும் தம்பியும் ஒரே வார்ப்பு. செய்ததற்கு ஈடு செய்ய முடியாவிட்டால் பூமியில் இருக்க மாட்டார்கள். அது ஒரு காரணம். இன்னொரு காரணத்தை அவள் தனக்குத்தானே கூட அடிக்கடி சொல்லிக்கொள்வதில்லை. அந்தத் தூளைக் கிளப்பிவிட்ட துடைப்பம் அவள் கையில்தான் இருந்தது. வீட்டுக்கு வந்து கடிதத்தை அடுப்பில் போட்டுவிட்டு, பிறக்கும்போதே கொடி கழுத்தில் சுற்றி மூச்சு முட்டியிருக்கிறது, அப்போதே உன்னிடம் சொல்லப் பயமாக இருந்தது, என்று அவனிடம் சொன்னாள். டார்ச் புகை தலைவலி தருகிறது என்று சொல்லி ஒரு மாதம் அழுது அந்த வேலையை நிறுத்த வைத்தாள். பேச்சுப் பயிற்சி என்று பொய் சொல்லி ஜீலாங்கில் இருந்த தன் தங்கை வீட்டுக்குப் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போய், ரத்தத்தில் ஏறிய காரீயத்தை இறக்க எட்டு மாதம் ஊசி போட வைத்தாள். திரும்பி வந்ததும் அறைக்கு அறை ஈரத்துணியால் துடைத்தாள். இன்றைக்கும் துடைக்கிறாள். போன வார்த்தைகள் மட்டும் திரும்பி வரவில்லை.

டேலுக்கு இப்போது நாற்பத்தொன்று. புல் வெட்டுவான், பித்தளைக் கைப்பிடிகளைத் துலக்குவான், எந்த நிறக் குப்பைத்தொட்டியை எந்தக் கிழமை வெளியே வைக்க வேண்டும் என்று ஊருக்கே ஞாபகப்படுத்துவான். கடிகாரம் பார்க்கத் தெரியாது. ஒருமுறை பெண்டிகோ நகரத்தில் இவனைப் போன்றவர்கள் சேர்ந்து தங்கும் விடுதியில் விட்டுப் பார்த்தார்கள். ஆறு வாரம் வாசல் கேட்டைப் பிடித்துக்கொண்டு நின்றான். பன்னிரண்டு கிலோ இளைத்துத் திரும்பி வந்தான். அதனால்தான் இந்த ஏற்பாடு. வீட்டை ஊர் எடுத்துக்கொள்ளலாம், பதிலுக்குப் பின்கட்டில் உள்ள இரண்டு அறைகளில் டேல் உயிரோடு இருக்கும்வரை இருப்பான், தோட்டத்தைப் பார்த்துக்கொள்வான். மர்ரேயின் இதயம் இரண்டு முறை மக்கர் செய்துவிட்டது. அடுத்த மாதம் கையெழுத்து. அதற்குப் பிறகு நிம்மதியாகச் சாகலாம் என்று இருவரும் வாய்விட்டே பேசிக்கொண்டிருந்தார்கள்.

பின்கட்டுச் சமையலறையில் டாம்சின் தரைப் பலகையின் இடுக்கிலும், பக்கத்து அறையில் டேலின் கட்டிலுக்கு அடியிலும் குச்சியைத் தேய்த்தாள். இரண்டும் சிவந்தன. வெளியே டேல் தாழ்வாரத்து இரும்புப் பின்னலைத் தூரிகையால் தேய்த்துக் கழுவிக்கொண்டிருந்த சத்தம் கேட்டது.

“உக்காரு,” என்று அவளுக்குக் கோப்பையை நகர்த்தினாள் கோரல்.

“உங்க பையனுக்கு அப்போ ரத்தம் எடுத்துப் பாத்தாங்களா?” டாம்சின் குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.

“பாத்தாங்க.”

“எவ்வளவு இருந்துச்சு?”

“அறுபத்தொண்ணு. இருபத்தஞ்சைத் தாண்டக் கூடாதுன்னாங்க.” அந்த எண்ணை வாய்விட்டுச் சொல்வது அவளுக்கு இதுதான் முதல் தடவை.

டாம்சின் கோப்பையைக் கீழே வைத்தாள். “மர்ரேக்குத் தெரியாதா?”

“தெரியாது. உன் அறிக்கையில அந்த டார்ச் விஷயத்தை மட்டும் விட்டுடு. எப்படி உரிச்சாங்கன்னு தெரியலன்னு எழுது. உன்னால முடியும். பழைய வீடுதானே, யாருக்குத் தெரியும்?”

“பலகை இடுக்குல இவ்வளவு தூள் எப்படி வந்துச்சுன்னு அடுத்த ஆள் கேப்பாங்க, கோரல். வர்ற ஸ்கூல் பிள்ளைங்க இந்தத் தரையில உக்காருவாங்க. தரையைப் பேத்துச் சுத்தம் பண்ணலாம். ஆனா இது தெரிஞ்சப்பறம் பின்கட்டுல ஒரு மனுஷனைக் குடிவைக்க எந்தக் கமிட்டியும் கையெழுத்துப் போடாது.”

“அவன் நாப்பது வருஷமா இங்கதான் இருக்கான்.”

“அதான்,” என்றாள் டாம்சின். சொன்னதும் அவளுக்கே சங்கடமாகிவிட்டது. நெற்றியைத் தேய்த்துக்கொண்டாள். “வெள்ளிக்கிழமை அறிக்கையை அனுப்பணும். அதுல நான் பொய் எழுத முடியாது. அவர்கிட்ட நானே போய்ச் சொல்லவும் மாட்டேன். அது உங்க வீட்டு விஷயம்.”

நல்ல பெண்தான். அதுதான் கோரலுக்கு ஆத்திரமாக வந்தது. கெட்டவளாக இருந்தால் சண்டை போட்டிருக்கலாம், காலில் விழுந்திருக்கலாம், வெளியே போ என்று கத்தியிருக்கலாம்.

“கோரல்,” என்று மாடியிலிருந்து மர்ரே கூப்பிட்டான். “ஒரு கை கொடு. எந்திரிக்க முடியல.”

அவள் படியேறினாள். பாதிப் படியில் நின்று, இறங்கிவிடலாமா என்று யோசித்தாள். இதுவரை மூடி மறைத்தவளுக்கு வெள்ளிக்கிழமை வரைக்கும் மறைப்பது பெரிய காரியமா? ஆனால் அறிக்கை தபாலில் வரும். தபாலை எடுப்பவன் மர்ரே. மேஜையில் உட்கார்ந்து, கண்ணாடியை மாட்டிக்கொண்டு, தன் வீட்டைப் பற்றி எழுதியிருக்கிறார்களே என்று சத்தம் போட்டுப் படிப்பான்.

மர்ரே விட்ட இடத்திலேயே உட்கார்ந்திருந்தான். கை நீட்டவில்லை.

“வீட்ல யாரெல்லாம் இருந்தாங்கன்னு அந்தப் பொண்ணு ஏன் கேட்டா?” என்றான்.

கோரல் சுவரைப் பிடித்துக்கொண்டு அவனுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தாள். எழுபத்தோரு வயது உடம்பு, அதுவும் லேசில் மடங்கவில்லை.

“தூள்ல காரீயம் இருக்கு. புகையில அதைவிட அதிகம். பிள்ளைங்க உடம்புல அது சீக்கிரம் ஏறும்.”

“டேலுக்குக் கொடி சுத்திக்கிச்சு. நீதானே சொன்ன?”

“சொன்னேன்.”

“சுத்திக்கலையா?”

“இல்ல, மர்ரே.”

வெளியே கூட்டமாகக் காக்கட்டூக் கிளிகள் கத்திக்கொண்டு போயின. அவன் கத்துவான், அடிக்கக்கூடக் கை ஓங்குவான், அல்லது நெஞ்சைப் பிடித்துக்கொள்வான் என்று அவள் எல்லாவற்றுக்கும் தயாராக இருந்தாள். மாத்திரை எந்தச் சட்டைப்பையில் இருக்கிறது என்றுகூடப் பார்த்து வைத்துக்கொண்டாள்.

“எப்போ தெரியும் உனக்கு?”

“எண்பத்தேழு.”

“எண்பத்தேழு,” என்றான். “ஒவ்வொரு பிறந்தநாளுக்கும் அவன் மெழுகுவத்திய ஊதுறப்போ நான் உன் தோளைத் தொடுவேனே. கவனிச்சிருக்கியா?”

“கவனிச்சிருக்கேன்.”

“போனது போகட்டும், உன் தப்பு இல்லன்னு சொல்றதா மனசுல நினைச்சிட்டுத் தொடுவேன். முப்பத்தெட்டு வருஷமா நான் உன்னை மன்னிச்சிட்டிருந்தேன், கோரல்.”

“தெரியும்.”

“தெரிஞ்சும் தொடவிட்டியா?”

அவன் கண் சிவந்திருந்தது, ஆனால் அழவில்லை. சுவரைப் பிடித்து எழப் பார்த்தான், முடியவில்லை. அவளும் எழப் பார்த்தாள். கடைசியில் இரண்டு கிழங்களும் தரையில் மாட்டிக்கொண்டு, டாம்சினைத்தான் கூப்பிட வேண்டியிருந்தது. அவள் ஓடி வந்து முதலில் கோரலைத் தூக்கினாள், பிறகு மர்ரேயின் அக்குளில் கை கொடுத்து நிறுத்தினாள். அவன் அவள் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு விடவில்லை.

“எழுதிக்கோ. எண்பத்து மூணுலேர்ந்து எண்பத்தேழு வரைக்கும். கேஸ் டார்ச். எல்லாத்தையும் நான்தான் உரிச்சேன். ரெண்டு வயசுப் பிள்ளை வீட்ல இருந்துச்சு. அதையும் எழுது.”

“மர்ரே, நான் அதை எழுதினா பின்கட்டுல...”

“எழுதுன்னா எழுது. அவன் இன்னும் ஒரு நாள்கூட இதை மோந்துக்கிட்டு இருக்கக் கூடாது.”

“அப்புறம் எங்க போவான்?” என்றாள் கோரல். “நம்ம ரெண்டு பேரும் போனப்பறம் எங்க போவான், மர்ரே? அந்த கேட்டைப் பிடிச்சிக்கிட்டு நிக்கவா?”

நாற்பது வருஷமாக இந்த வீட்டின் எந்தக் கேள்விக்கும் மர்ரேயிடம் பதில் இல்லாமல் இருந்ததில்லை. எந்த ஆணி எந்த வருஷத்தது, எந்த ஓடு எந்தக் கப்பலில் வந்தது என்று சொல்லுவான். அவன் டாம்சினின் கையை விட்டுவிட்டு, தானே உரித்து மெழுகு போட்டு மினுக்கிய படிக்கட்டுக் கைப்பிடியைத் தொடாமல், சுவரோரமாகவே ஒவ்வொரு படியாக இறங்கினான். விழுந்துவிடுவான் என்று கோரல் பின்னாலேயே போனாள்.

தாழ்வாரத்து மூலையில் டேல் வாளியும் தூரிகையுமாக நின்றிருந்தான். தலையில் பாதி நரைத்துவிட்டது. அப்பாவைவிட ஒரு சாண் உயரம். இரும்புப் பின்னலில் இருந்து ஓடிய வெள்ளைக் கரைசல் அவன் முழங்கை வரைக்கும் வழிந்து காய்ந்திருந்தது. மர்ரே அவன் கையிலிருந்த தூரிகையை வாங்கிப் புல்லில் வீசினான். அவன் மணிக்கட்டைப் பிடித்துத் தோட்டத்துக் குழாயடிக்கு இழுத்துக்கொண்டு போனான். டேல் அதட்டலுக்குப் பயந்தவன்போல உடம்பைக் குறுக்கிக்கொண்டு நடந்தான்.

மர்ரே குழாயைத் திறந்தான். துணி துவைக்கும் மேடையில் கிடந்த சோப்புத் துண்டை எடுத்து, மகனுடைய வலது கையைத் தன் இரண்டு கைக்குள்ளும் வைத்து நுரைக்க நுரைக்கத் தேய்த்தான். விரல் விரலாகத் தேய்த்தான். ஒவ்வொரு நகத்தின் அடியிலும் தன் கட்டைவிரல் நகத்தை விட்டு வழித்தான். ரேகைகளுக்குள் தேய்த்தான். டேலுக்குக் கூச்சமாக இருந்தது. முதலில் நெளிந்தான், பிறகு சிரித்தான்.

“அப்பா, சாப்பாடு ரெடியா?”

“இல்லடா.”

“அப்புறம் எதுக்குக் கை கழுவுறோம்?”

மர்ரே அந்தக் கையைக் குழாயடியில் காட்டி அலசினான். வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தான். தண்ணீர் தெளிவாகத்தான் ஓடியது. அவன் சோப்பை எடுத்துக் கட்டைவிரலிலிருந்து மறுபடியும் ஆரம்பித்தான். டேல் சற்றுநேரம் பொறுமையாக நின்றான். பிறகு, கேட்காமலேயே, இடது கையையும் நீட்டினான்.